என் கவிதைக்கு ஒரு தமிழ்த் தாய்

நான் திருப்பதியில் பி.ஏ. இங்கிலீஷ் படித்துக்கொண்டிருந்தபோது, எங்கள் ஊர்கள் ஆந்திராவோடு இருப்பதா, சென்னை ராஜ்யத்தோடு சேர்வதா என்று எல்லையெங்கும் சண்டை. வீட்டில் என்னை வைத்து ஒரு சண்டை. புத்தூர் அத்தை தன் மகனுக்குத்தான் நான் என்றாள். திருத்தணி மாமாவோ தன் மகனுக்கே உரிமை என்று குதித்தார். என்னை யாரும் கேட்கவில்லை.

முந்நூறு வருஷத்துக்கு முந்தைய இங்கிலீஷ் பெண் கவிகளைப் பற்றி வகுப்பில் லெக்சரர் அம்மா சொன்னார். சிலருடைய புத்தகத்தில் பேரே இருக்காதாம். ‘ஒரு சீமாட்டி எழுதியது’ என்று மட்டும் இருக்குமாம். அவளுக்குத் தெரியாமல்தான் அச்சுப் போட்டோம் என்று வீட்டு ஆண்பிள்ளை முன்னுரை எழுதி மானம் காப்பாராம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இரண்டு வீடுகள் என்னைப் பிடித்து இழுக்கின்றன என்று அன்றைக்கே தமிழில் ஒரு கவிதை எழுதினேன். ‘நான்’ என்று தலைப்பு வைத்து, கீழே என் பேரைப் பெரிதாகப் போட்டேன்.

லீவில் அதை அண்ணனிடம் காட்டினேன். எல்லைப் போராட்டமே கதி என்று கிடந்தவன். அடுத்த வாரமே அது நோட்டீஸாக ஊரெல்லாம் பறந்தது. இரண்டு வீடுகள் இரண்டு ராஜ்யங்களாகியிருந்தன. தலைப்பு ‘எல்லையின் கண்ணீர்’. எழுதியது ‘ஒரு தமிழ்த் தாய்’. எனக்குக் கல்யாணமே ஆகவில்லை!

“என் பேரு எங்க, அண்ணா?”

“பொம்பளப் பேரைத் தெருவுல போடச் சொல்றியா? பாட்டுதான் ஊரெல்லாம் போய்க்கினு இருக்குதே, இன்னும் இன்னா வேணும்?”

நைனாவைப் பார்த்தேன். “அவன் சொல்றதுதாம்மா சரி. பேரு போட்டா நாளைக்கு எவன் கட்டுவான்?” என்றார். கட்டத்தான் இரண்டு பேர் அடித்துக்கொண்டிருந்தார்களே, அது அவருக்கு மறந்துவிட்டது.

எந்தக் கிராமம் எந்தப் பக்கம் என்று வருஷக்கணக்கில் பேசினார்கள். என் விஷயத்தை ஒரே சாயங்காலத்தில் பேசி முடித்து, திருத்தணிக்குக் கொடுத்தார்கள்.

கல்யாணப் பந்தலில் மாப்பிள்ளையின் சித்தப்பா மைக்கைப் பிடித்து அந்தப் பாட்டைப் பாடினார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, “எழுதுன மகராசி எங்க இருக்கிறாளோ” என்றார்.

“நான்தான் எழுதினேன்” என்றேன், மைக்கில் விழும்படி.

“அட, பொண்ணு தமாஷாப் பேசுதே!” என்றார் அவர். பந்தலே சிரித்தது. அண்ணனைப் பார்த்தேன். அவனும் சிரித்துக்கொண்டிருந்தான்.