நெவ்யானா அக்காவும் டப்ளின் செலவும்

பேங்கிலிருந்து கம்பெனி கார்டு ஸ்டேட்மென்ட் வந்துவிட்டால் நெவ்யானா அக்கா முதலில் காதுத் தோடுகளைக் கழற்றி மேசை மேல் வைப்பார். சண்டைக்குப் போகிறவர்கள் கழற்றி வைப்பார்களே, அதுபோல. பிறகு காகிதத்தைப் பிரின்ட் எடுத்து, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி, வரி வரியாக உரக்க வாசிப்பார். அந்த வரிக்குச் சொந்தக்காரர் எழுந்து வந்து, அவர் மேசை முன்னால் நின்று, "நான்தான்" என்று சொல்ல வேண்டும். இருந்த இடத்திலிருந்தே கையைத் தூக்கினால் செல்லாது.

"டீசல், ப்ளோவ்டிவ் ரோடு. யாரு?"

"நான்தான் அக்கா." இது லாரி டிரைவர் பொய்கோ.

"அன்னிக்கு உன்ன சோஃபியாவுக்குல்ல அனுப்பினோம்? ப்ளோவ்டிவ் இந்தப் பக்கம், சோஃபியா அந்தப் பக்கம். வண்டிய ரிவர்ஸ்லயே ஓட்டிட்டுப் போனியா?"

"மாமியார ஆஸ்பத்திரியில எறக்கி விட்டேன்க்கா."

"அத மொதல்லயே சொல்லித் தொலையேண்டா. இப்ப எப்படி இருக்கா?"

உண்மையைச் சொன்னவனை அக்கா விட்டுவிடுவார். வரியின் ஓரத்தில் 'மாமியார்' என்று பென்சிலால் எழுதிக்கொண்டு அடுத்த வரிக்குப் போவார்.

பஸார்ஜிக்கில் குடைமிளகாயைச் சுட்டுத் தொக்கு கிண்டி பாட்டிலில் அடைக்கும் கம்பெனி எங்களுடையது. நான் ஆசென், சரக்கு அனுப்புகிறவன். அக்காவின் மேசைக்கு எதிர் மேசை என்னுடையது. பல வருஷமாக அவர் முகத்தைப் பார்த்தபடியே சாப்பிடுகிறேன், அதனால் எனக்குச் செரிமானம் கொஞ்சம் மந்தம். மாலையில் கம்ப்யூட்டரை அணைத்ததும் அதன் மேல் பின்னல் துணியைப் போர்த்தி, "தூங்கட்டும் சனியன்" என்பார். காபி குடித்த கோப்பையைக் கவிழ்த்து, படிந்த வண்டலைப் பார்த்து எல்லோருக்கும் குறி சொல்வார். பொய்கோவுக்கு எப்போதும் ஒரே குறிதான்: "உனக்கு ஒரு பயணம் இருக்கு." லாரி டிரைவருக்கு இதைச் சொல்ல வண்டல் எதற்கு என்று ஒருமுறை கேட்டுவிட்டேன். ஒரு வாரம் எனக்குக் காபி கிடையாது.

போன பிப்ரவரியில் வாசித்துக்கொண்டே வந்தவர் ஒரு வரியில் நின்றார். பாதி எழுத்து, பாதி எண், கடைசியில் ஓர் ஊர்ப்பெயர்.

"டப்ளின். யாரு?"

யாரும் எழவில்லை. அக்கா இன்னும் கொஞ்சம் சத்தமாக வாசித்தார். சொந்தக்காரர் இல்லாத வரி என்று ஒன்று அந்த அறைக்குள் அதுவரை வந்ததே இல்லை.

"அங்க பீர் பிரமாதமா இருக்கும்னு சொல்வாங்கக்கா," என்றான் பொய்கோ.

"நீ குடிச்சியா?"

"நம்ம ஊர விட்டு வெளிய நான் குடிச்சதே இல்ல. சத்தியமா."

முதலாளி ஸ்பாஸ் கண்காட்சிக்காக ஜெர்மனி போயிருந்தார். அவரைத் தொந்தரவு செய்யாமல் அக்கா பேங்குக்கே போன் போட்டார். வெகுநேரம் பாட்டு கேட்ட பிறகு ஒரு பெண் வந்து, அது டப்ளினிலிருந்து நடக்கும், வேலைவாய்ப்பு விளம்பரங்கள் போடும் இணையதளம் என்றும், எங்கள் கம்பெனி ஆள் தேவை என்று அதில் ஒரு விளம்பரம் கொடுத்திருக்கிறது என்றும் சொன்னாள்.

"என்ன ஆளாம்?"

அது பேங்குக்குத் தெரியாது. நான்தான் தேடி எடுத்தேன். எடுக்காமல் இருந்திருக்கலாம். 'பஸார்ஜிக்கில் உணவுத் தயாரிப்பு நிறுவனத்துக்குக் கணக்காளர் தேவை. இனிமையாகப் பழகுபவராக இருத்தல் அவசியம்.' கம்பெனி பெயர் இல்லை. ஆனால் கூடவே போட்டிருந்த படத்தில் எங்கள் கேட்டும், கேட்டுக்கு முன் லாரியும், லாரியில் வாயைத் திறந்து தூங்கும் பொய்கோவும் தெளிவாகத் தெரிந்தார்கள்.

கம்பெனிக்குக் கணக்காளர் ஒரே ஒருவர்தான். அவர் அந்த வரிகளை இரண்டு முறை படித்துவிட்டு எங்களைப் பார்த்தார்.

"ஏண்டா, நான் இனிமையா பழகலையா?"

"பழகுறீங்க அக்கா!" என்றோம், பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி ஒரே குரலில்.

அன்று அவர் காபியைத் தொடவில்லை. மகள் ஸ்பெயினில் குடியேறிவிட்டாள். கணவர் இறந்து வெகுகாலம் ஆகிறது. "வீட்ல உக்காந்து நான் என்னடா பண்ணுவேன் ஆசென்? செவுத்துக்குக் கணக்கு எழுதவா?" என்றார். அவரை எத்தனையோ முறை மனதுக்குள் திட்டியிருக்கிறேன். எதிர் மேசையில் வேறொரு முகத்தை மட்டும் என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

மறுநாளிலிருந்து வந்ததும் முதல் வேலையாக அந்த விளம்பரத்தைத் திறப்பார். ஒரு சொல்லாவது மாறியிருக்கிறதா என்று பார்ப்பார். மதியம் ஒரு தடவை. கிளம்பும்போது ஒரு தடவை. செய்தி பரவி, பாட்டில் பிரிவுப் பெண்கள் சாப்பாட்டு வேளையில் ஆளுக்கொரு போனில் திறந்து, "அக்காவையா அனுப்பப் போறாங்க? நாசமாப் போக!" என்று திட்டிக்கொண்டே படித்தார்கள். அவர்களுடைய வீட்டுக்காரர்களும் நாத்தனார்களும் படித்தார்கள். பொய்கோ தன் படத்தைப் பார்க்கவே தினமும் திறந்தான், மாமியாருக்கும் அனுப்பி வைத்தான். நானும் திறந்தேன், சும்மா இருப்பானேன் என்று.

இதற்கிடையில் பேங்கின் கணக்குப் பக்கத்தில் புதிதாக ஒரு டப்ளின் வரி முளைத்தது. பிறகு இன்னொன்று. அடுத்து வந்தது அவை இரண்டையும்விடப் பெரியது.

"என்னைத் தொரத்துறதுக்கு இவ்வளவு செலவா?" என்று கொதித்த அக்கா, இணையதளத்தின் உதவி எண்ணுக்குப் போன் போட்டு எல்லோரும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் வைத்தார். எங்கள் மொழி பேசும் ஒருவர் எடுத்தார்.

"விளம்பரத்த யாராவது தொறந்து பாத்தா, ஒவ்வொரு தடவைக்கும் காசு போகும்மா. அதான் கணக்கு. உங்க விளம்பரத்துக்கு நல்ல வரவேற்பு! ஒரே ஊர்லேருந்து நூத்துக்கணக்குல பாத்திருக்காங்க. சில பேர் ஒரு நாளைக்கு மூணு தடவ பாக்குறாங்க."

பொய்கோ தன் போனை மெல்லச் சட்டைப் பைக்குள் நழுவவிட்டான்.

"எத்தன பேர் விண்ணப்பம் போட்டிருக்காங்க?" என்றார் அக்கா, குரல் இறங்கி.

"இதுவரைக்கும் ஒருத்தரும் இல்லம்மா."

போனை வைத்த அக்கா எழுந்து நின்று, "எடுங்கடா கைய போன்லேருந்து!" என்று போட்ட சத்தத்தில் பாட்டில் பிரிவே நடுங்கியது. ஒரு குண்டூசி வீணானால் பொறுக்காத மனுஷி, தன்னையே வீட்டுக்கு அனுப்பும் செலவைத் தன் கையாலேயே ஏற்றிக்கொண்டிருந்திருக்கிறார். உட்கார்ந்த பிறகு கழுத்து வரை சிவந்து போனார். நான் சிரிப்பை அடக்க மேசைக்கடியில் எதையோ தேட வேண்டியதாயிற்று.

திங்கட்கிழமை ஸ்பாஸ் வந்தார். கோட்டைக் கழற்றுவதற்குள் அக்கா அவர் அறையில் நின்றார். கதவு திறந்திருந்தது. எங்கள் எல்லோருக்கும் திடீரென்று அந்த வாசலில் ஏதோ வேலை வந்துவிட்டது.

"டப்ளின். யாரு?"

"நான்தான் அத்தை." சின்ன வயதிலிருந்தே அக்காவை அப்படிக் கூப்பிட்டுப் பழகிய ஸ்பாஸ் கூச்சத்தோடு சிரித்தார். "கணக்காளர் வேணும்னு விளம்பரம் குடுத்தேன். அதுக்கென்ன?"

"அதுக்கென்னவா? அப்ப நான் யாருடா கண்ணு?"

"அத்தை! நீங்கதானே எல்லார் முன்னாடியும் எந்திரிச்சு, 'இதான் என் கடைசி வருஷக் கணக்கு, வேற ஆளப் பாருங்க'ன்னு சொன்னீங்க? கிறிஸ்துமஸ் விருந்துல?"

எங்களுக்கு அப்போதுதான் உறைத்தது. எல்லாக் கிறிஸ்துமஸ் விருந்திலும், இரண்டாவது கிளாஸ் ரக்கியா சாராயம் உள்ளே போனதும், அக்கா எழுந்து இதைத்தான் சொல்வார். உடனே ஸ்பாஸின் அப்பா மேசையைக் குத்தி, "நீ போனா நானும் கேட்டப் பூட்டிட்டு உன் பின்னாடியே வந்துடுவேன்!" என்று கத்துவார். நாங்கள் ஐயோ அக்கா, குய்யோ அக்கா என்று கெஞ்சுவோம். யாராவது அவர் தட்டில் இன்னும் இரண்டு கோஸ் உருண்டை வைப்பார்கள். "சரி, இன்னும் ஒரே ஒரு வருஷம்," என்று உட்கார்ந்துவிடுவார். போன தடவை பெரியவர் இல்லை. தேனீ வளர்க்கிறேன் என்று கிராமத்துக்குப் போய்விட்டார். வியன்னாவில் நிர்வாகம் படித்துவிட்டு வந்து அப்போதுதான் பொறுப்பேற்றிருந்த ஸ்பாஸ் எழுந்து கைதட்டி, "உங்க முடிவ மதிக்கிறோம் அத்தை," என்றார். நாங்கள் அதை வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தோம். கெஞ்ச மறந்துவிட்டோம்.

"அது சும்மா சொன்னது" என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. அக்காவின் வாயிலிருந்து அது வராது என்பது வாசலில் நின்ற அத்தனை பேருக்கும் தெரியும். ஸ்பாஸுக்குத்தான் தெரியவில்லை. "அப்ப நீங்க போகலையா அத்தை?" என்று வெள்ளந்தியாகக் கேட்டார்.

அக்கா ஜன்னலைப் பார்த்தார். எங்களைப் பார்த்தார். பொய்கோ தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டான்.

"இந்த வேலைக்கு எத்தன பேர் வந்தாங்க?"

"அதான் புரியல அத்தை. ஊரே பாத்திருக்கு, ஒருத்தர்கூட விண்ணப்பிக்கல."

அந்த அறையில் அக்கா ஒருநாளும் உட்கார்ந்து நாங்கள் பார்த்ததில்லை. நின்றுகொண்டேதான் அப்பனையும் திட்டினார், மகனையும் திட்டினார். இப்போது முதலாளிக்கு எதிரில் இருந்த நாற்காலியை இழுத்தார். விளிம்பில், நிமிர்ந்து உட்கார்ந்தார். முழங்கால்களைச் சேர்த்து, கைப்பையை மடியில் நிறுத்தி, அதன் மேல் இரண்டு கைகளையும் வைத்துக்கொண்டார்.

"ம்," என்றார். "கேளுங்க சார்."