முப்பத்து நான்கு நாவல் எழுதிய ஹில்டா அம்மாவும் எங்கள் அரைநாள் ஆட்டோ பயணமும்

அன்று ஆட்டோவில் இருந்தவர்கள் நாலு பேர். நான். என் கொழுந்தனார் மனைவி ரேவதி. இங்கிலாந்திலிருந்து வந்த நாவலாசிரியை ஹில்டா பென்கார்ட், வயது எழுபத்தெட்டு. ஓட்டுநர் சேகர். வேறு யாரும் இல்லை. அன்று பேசியதை யார் யார் கேட்டார்கள் என்று வீட்டில் பிறகு கேள்வி வரலாம், அதனால் முதலிலேயே எழுதிவைக்கிறேன்.

நான் படித்தது பத்தாவது வரை, தமிழில். இங்கிலீஷ் கற்றுக்கொண்டது ஹில்டா அம்மாவின் நாவல்களை வைத்து. லஸ் பக்கம் நடைபாதையில் பழைய புத்தகம் விற்பவரிடம் இருபது ரூபாய்க்கு ஒன்று வாங்கி, பக்கத்தில் அகராதியை வைத்துக்கொண்டு படித்தேன். முதல் புத்தகத்துக்கு ஐந்து மாதம் ஆனது. எல்லாமே பெண்களுக்கான கதைகள். முதல் பக்கத்தில் ஒருத்தி வீடு பெருக்கிக்கொண்டிருப்பாள். கடைசிப் பக்கத்தில் வாசல் கதவைச் சாத்திவிட்டுத் தெருவில் இறங்கியிருப்பாள். அத்தோடு முடிந்துவிடும்.

ஒரு நாவலில் சென்னைச் சமையல்காரி ஒருத்தி ஏகாதசி விரதம் இருந்துகொண்டே மீன் குழம்பை ருசி பார்க்கிறாள். எனக்குப் பொறுக்கவில்லை. மின்னஞ்சல் போட்டேன். மூன்றே வரியில் பதில் வந்தது: "பல் கட்டிக்கொள்ளச் சென்னைக்குத்தான் வருகிறேன். நீங்கள் சொன்னது சரி. ஒரு நாள் என்னுடன் சுற்ற முடியுமா?"

வெளியூர் விருந்தாளியோடு தனியாகப் போக வேண்டாம், ரேவதியையும் கூட்டிக்கொள் என்றார் என் வீட்டுக்காரர். ரேவதி கிண்டி தொழிற்பேட்டையில் ஒரு ஏற்றுமதித் துணி கம்பெனியில் சூப்பர்வைசர். சனிக்கிழமை லீவு போட்டாள். எனக்குப் பயம் தாங்கவில்லை. அந்த அம்மா மயங்கி விழுந்தால்? கோயிலில் யாராவது ஏதாவது சொன்னால்? வடபழனி முருகனை நினைத்து மஞ்சள் துணியில் ஒரு ரூபாய் முடிந்து வைத்துவிட்டுத்தான் கிளம்பினேன்.

கார்த்திகை மாதம், காலை எட்டே முக்கால். அடையாறில் அவர் தங்கியிருந்த விடுதி வாசலில் ஆட்டோவை நிறுத்தினோம். அரை நாளுக்கு எண்ணூறு ரூபாய் என்று முதல் நாளே பேசியிருந்தேன். வானத்தில் மேகமே இல்லை. ஹில்டா அம்மா முழங்காலுக்குக் கீழே தொங்கும் ஆண்கள் மழைக்கோட்டு போட்டு நின்றுகொண்டிருந்தார். அதில் எட்டுப் பை. கையில் மடக்கு நாற்காலி. ஒரே மணிக்கட்டில் இரண்டு கடிகாரம். ஒன்று அவருக்கு, இன்னொன்று இப்போது எழுதிக்கொண்டிருக்கும் கதையின் நாயகிக்காம். அவள் இன்னும் இங்கிலாந்தில்தான் இருக்கிறாள் என்றார்.

"அக்கா, நம்மள ஏதாவது புத்தகத்துல போட்டுடப் போறாங்க" என்று ரேவதி என் காதில் சொன்னாள்.

அடையாறிலிருந்து மயிலாப்பூர் கோயிலுக்கு நாலரை கிலோமீட்டர், இருபது நிமிஷம். ஹில்டா அம்மா மடக்கு நாற்காலியை வெளிப் பிரகாரத்தில் விரித்து உட்கார்ந்துவிட்டார். நானும் ரேவதியும் உள்ளே போய் அர்ச்சனை செய்துவிட்டு வரும்வரை இடத்தைவிட்டு அசையவில்லை. பிறகு மாட வீதியில் ஒரு சின்ன ஓட்டலில் வெண்பொங்கல், மூன்று பேருக்கு இருநூற்றுப் பத்து ரூபாய். புதுப் பல் என்பதால் அவர் மெல்லக் கூடாது. பொங்கல் கடவுளே அனுப்பியது என்றார். கையை ஆட்டி ஆட்டிச் சொன்னதில் கொஞ்சம் மழைக்கோட்டிலும் விழுந்தது.

அவர் வாழ்க்கைக் கதையை அங்கேதான் கேட்டேன். அப்பா பஸ் கண்டக்டர். பதினைந்து வயதில் படிப்பை நிறுத்திவிட்டு, தையல் மெஷின் கம்பெனியில் டைப் அடிக்கப் போயிருக்கிறார். முதல் நாவலை அந்த ஆபீஸின் வீணான தாள்களின் பின்பக்கத்தில் எழுதினாராம். ஒவ்வொரு நாவலுக்கும் ஒரு வாடகை அறை. எழுதி முடித்தபின் அந்தத் தெருவுக்கே போகமாட்டார். யாராவது அவர் நாவலைத் திட்டி எழுதினால் அவர்களுக்கு ஒரு ஜாடி வெங்காய ஊறுகாய் அனுப்பிவைப்பார். இருபத்தாறு வயதில், ஒரு செவ்வாய்க்கிழமை, தண்ணீர் கொதிக்கவைக்கும் கெட்டிலை மட்டும் எடுத்துக்கொண்டு புருஷன் வீட்டைவிட்டுக் கிளம்பிவிட்டார். நான் ஒவ்வொன்றாகத் தமிழில் சொல்லச் சொல்ல, ரேவதி சாப்பிடுவதை நிறுத்திவிட்டாள்.

பத்தேகாலுக்கு தி.நகர் நோக்கிக் கிளம்பினோம். ஐந்து கிலோமீட்டர்தான். ஆழ்வார்பேட்டை பக்கம் மெட்ரோ வேலைக்காக வழியைத் திருப்பிவிட்டிருந்தார்கள். வண்டி நகரவே இல்லை.

"இன்னா மேடம் பண்றது? போன மாசம் இங்க ரோடு இருந்துச்சு. இப்ப பள்ளம்தான் கீது" என்றார் சேகர்.

பின் சீட்டில் இரண்டு ஓரத்தில் அவர்கள், நடுவில் நான். ஹில்டா அம்மா எந்த ஊருக்குப் போனாலும் பெண்களிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்பாராம். அதை ரேவதியிடம் கேட்கச் சொன்னார்: "நீ எப்போதாவது பெட்டி கட்டியிருக்கிறாயா?"

நான் சிரித்துக்கொண்டே கேட்டேன். அம்மா வீட்டுக்குப் போவதைத்தான் சொல்வாள் என்று நினைத்தேன்.

"நிஜமா சொல்லணுமா, விருந்தாளிக்குச் சொல்ற மாதிரி சொல்லணுமா?" என்றாள் ரேவதி. "அக்கா, அவங்க கேக்குறதால சொல்றேன். உங்ககிட்ட சொன்னதா எடுத்துக்காதீங்க."

என்னைத் தாண்டி ஹில்டா அம்மாவைப் பார்த்தே பேசினாள். "எங்க வீட்ல அக்கா விளக்கேத்தி பூஜை முடிக்கிற வரைக்கும் அடுப்பு பத்தவைக்கக் கூடாது. முடிய எட்டாகும். நான் ஏழரைக்கு பஸ் பிடிச்சாத்தான் கம்பெனிக்கு நேரத்துக்குப் போக முடியும். ஒன்பது வருஷமா வெறும் வயித்தோட கிளம்பி, கிண்டி எஸ்டேட் வாசல்ல தள்ளுவண்டியில நின்னுக்கிட்டு நாலு இட்லி. மழை பெஞ்சா வண்டிக்காரர் வரமாட்டார், அதுவும் இல்ல. வாயத் தொறந்து சொன்னா சாமிய குறை சொன்ன மாதிரி ஆயிடும். போன ஆடியில பெட்டி கட்டினேன். ஆடியில யாராவது வீடு மாறுவாங்களான்னு திரும்ப அவுத்து வெச்சேன்."

நான் ஹில்டா அம்மாவிடம், "காலையில் கொஞ்சம் அவசரமாக இருக்கிறதாம்" என்றேன்.

அவர் என்னையே பார்த்தார். "அவள் இவ்வளவு நேரம் பேசினாள். நீ சொன்னது ஒரு வரியா?"

சேகர் திரும்பினார். "நானும் கேட்டுகினுதான் கீறேன் மேடம். அந்தம்மா ஆடி, மழைன்னு அம்மாம் சொல்லிச்சு. நீ இட்லியவே வுட்டுட்டியே!"

"நீங்க ரோட்டைப் பாருங்க" என்றேன்.

"ரோடு எங்க கீது, பாக்கறதுக்கு?"

வேறு வழியில்லை, முழுக்கச் சொன்னேன். அடுப்பு, விளக்கு, தள்ளுவண்டி, ஆடி, எதையும் விடவில்லை. 'வெறும் வயிறு' என்பதற்கு இங்கிலீஷ் வார்த்தை அந்த அம்மாவின் நாவலில் படித்ததுதான். எங்கள் மாமியார் காலத்து வழக்கம் அது, நான் கொண்டுவந்ததில்லை என்று என் பங்குக்கு ஒரு வரி சேர்க்க நினைத்தேன். யாரும் என்னைக் கேட்கவில்லை, அதனால் சேர்க்கவில்லை.

"அக்கா, அவங்க கெட்டிலைத் தூக்கிட்டுக் கிளம்பினாங்களே, அன்னிக்கு ராத்திரி எங்க படுத்தாங்கன்னு கேளுங்க" என்றாள் ரேவதி.

பன்னிரண்டு நாவல் படித்திருக்கிறேன், எனக்கு இந்தக் கேள்வி தோன்றியதே இல்லை. ஹில்டா அம்மா கேள்வியை இன்னொரு முறை சொல்லச் சொன்னார். பிறகு சொன்னார்: "ரயில் நிலையத்தில், பெண்கள் காத்திருக்கும் அறையில். இரண்டு ராத்திரி. கெட்டில் இருந்தது, அடுப்பு இல்லை. இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. கேட்டிருந்தால் அந்தக் கதைகளை எல்லாம் வாசலிலேயே முடித்திருக்க முடியாது."

இதைத் தமிழில் சொன்னதும் ரேவதி தலையாட்டினாள். "அப்ப நான் செஞ்சதுதான் சரி. முதல்ல வீடு பாத்துட்டேன்னு சொல்லுங்க. அசோக் நகர்ல, ரெண்டாவது மாடி, ஒரு ரூம். சமையல்கட்டுல ஜன்னல் இருக்குன்னு சொல்லுங்க."

எனக்கு அதுவரை தெரியாது. ரேவதி எங்கள் வீட்டைவிட்டுப் போக வீடு பார்த்திருக்கிறாள் என்பதை, நானே ஹில்டா அம்மாவுக்கு இங்கிலீஷில் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன்.

பதினொன்றே காலுக்கு தி.நகர் சேர்ந்தோம். புடவைக் கடைக்குப் போவதாகத்தான் ஏற்பாடு. ரேவதி பாத்திரக் கடைக்குள் நுழைந்து இரண்டு லிட்டர் குக்கர் எடுத்தாள். எங்கள் வீட்டில் இருப்பது பத்து லிட்டர். நான் மூடியில் ரப்பர் சரியாக உட்காருகிறதா என்று மட்டும் பார்த்துக் கொடுத்தேன்.

ஒரு மணிக்கு அடையாறு விடுதி வாசலில் இறங்கும்போது, இதைக் கதையில் வைத்துக்கொள்ளலாமா என்று ஹில்டா அம்மா கேட்டார். "பேர மாத்திக்கச் சொல்லுங்க. குக்கரை மாத்த வேணாம்" என்றாள் ரேவதி. இரண்டு பேரும் சிரித்தார்கள். அந்த நாவல்களில் கடைசிப் பக்கம் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும்.

வெளிநாட்டு விருந்தாளிகளை இப்படி அழைத்துப் போக நினைப்பவர்களுக்கு: ஒன்பது மணிக்கு முன் கிளம்புங்கள். பகலில் நடை சாத்துவதற்குள் தரிசனம் முடித்துவிடுங்கள். வேற்று மதத்தவரைக் கருவறைப் பக்கம் விடமாட்டார்கள், இதை முன்பே சொல்லிவிட்டால் சங்கடம் இல்லை. மெட்ரோ வேலை முடியும்வரை மயிலாப்பூரிலிருந்து தி.நகருக்கு ஒரு மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். அந்த ஒரு மணி நேரத்தில் நடுவில் உட்கார்ந்து மொழிபெயர்ப்பவர் எதற்கும் தயாராக இருக்க வேண்டும்.

வீட்டுக்கு வந்தபின் நானும் ரேவதியும் அதைப் பற்றிப் பேசவில்லை. அவள் சொன்னது விருந்தாளியிடம். நான் எப்படி ஆரம்பிப்பது? மார்கழி பிறக்க இன்னும் சில நாள்தான். மார்கழியில் வீடு மாறமாட்டார்கள். போவதென்றால் அதற்குள் போக வேண்டும், இல்லாவிட்டால் தை.

அதே மார்கழியில்தான் நாங்கள் நாலரைக்கே விளக்கேற்றுவோம். ஐந்தரைக்குப் பொங்கல் இறங்கிவிடும். அந்த ஒரு மாதம் ரேவதி சூடாகச் சாப்பிட்டுவிட்டுத்தான் பஸ் ஏறுவாள். அந்த நேரத்தை வருஷம் முழுக்க வைத்துக்கொள்ள வேண்டாம் என்று எந்தச் சாமியும் சொல்லவில்லை. குருக்களிடமும் கேட்டுவிட்டேன். தாராளமாகச் செய்யுங்கள் என்றார்.

ரேவதி, வலைப்பதிவில் நான் எழுதுவதை நீ ஆபீஸ் போகும் பஸ்ஸில் படிக்கிறாய் என்று தெரியும். இது உன்னிடம் நேராகவே சொல்வது. இனி வருஷம் முழுக்க நாலரைக்கே நான் விளக்கேற்றுகிறேன். நீ இருக்கிறாயா, போகிறாயா? சீக்கிரம் பதில் சொல்லு.