முகம் தெரிகிற பேய்

இந்த நாட்டில் பயங்காட்டுவதற்கும் முன்கூட்டியே கடிதம் வருகிறது. போன ஐப்பசி நடுவில் ஒரு வெள்ளிக்கிழமை, என் மனைவி புவனா வேலையால் வரும்போது தட்டச்சு செய்த ஒரு தாளைக் கொண்டுவந்தாள். ஒக்டோபர் மாதக் கடைசி நாள் மாலை ஆறு மணியிலிருந்து எட்டு மணி வரை பேய்கள் வரும், தயவுசெய்து கதவைத் திறக்கவும் என்று அதில் இருந்தது. எழுதியவர் கரோல் என்ற அமெரிக்கப் பெண். நாங்கள் இருக்கிற ஷ்லீரன் ஊருக்கு மேலே மேட்டுத் தெருவில் இருக்கிற அவருடைய வீட்டைத்தான் புவனா செவ்வாயும் வெள்ளியும் துப்புரவு செய்கிறாள். ஹலோவீன் அவர்கள் ஊர் வழக்கம். பிள்ளைகள் பேய், சூனியக்காரி என்று வேடம் போட்டு வீடு வீடாகக் கதவைத் தட்டி இனிப்புக் கேட்பார்கள். சுவிஸ்காரருக்கு இது தெரியாது. ஆகவே கரோல் தன் தெருவில் எல்லா வீடுகளுக்கும் கடிதம் கொடுத்ததோடு, பிள்ளைகளுக்குக் கொடுக்கவேண்டிய சொக்லேட்டையும் தானே வாங்கிக் கொடுத்துவிட்டார். விருந்துக்குப் போகிறவனே இலையும் சோறும் கொண்டுபோன கதைதான். எங்கள் மகள் மயூரிக்கும் அழைப்பு வந்திருந்தது. அவளுக்கு ஏழு வயது.

தாளின் பின்பக்கத்தில் பாதுகாப்பு விதிகள் இருந்தன. வாசல் விளக்கு எரிகிற வீட்டை மட்டும் தட்டவேண்டும். உடுப்பு காலில் தடக்கக் கூடாது. கண்ணை மறைக்கிற முகமூடி கூடாது. துளை பெரிதாக இருக்கவேண்டும், முகத்தில் பூசிக்கொண்டால் இன்னும் நல்லது. பெரியவர் ஒருவர் டோர்ச்சோடு கூடப் போய்ப் படலையடியில் நிற்கவேண்டும். கிடைத்த இனிப்பை வீட்டில் பார்த்த பிறகே தின்னவேண்டும். நான் கன்ரீனில் சட்டி பானை கழுவிவிட்டு வந்த களைப்பில் இருந்து வாசித்தேன். ஊரில் எங்களுக்கும் இப்படி விதிகள் இருந்தன, தட்டச்சு செய்து தர ஆளில்லை, அவ்வளவுதான். ஜீப் சத்தம் கேட்டால் விளக்கை நூர்க்க வேண்டும். கதவு தட்டினால் ஆண்கள் பின்வேலியால் போகும்வரை திறக்கக் கூடாது. இன்றைக்கும் எங்கள் மூன்றாம் மாடி வீட்டில் யாராவது சொல்லாமல் மணி அடித்தால், புவனாவின் கை முதலில் போவது லைற் சுவிட்சுக்குத்தான். பெரும்பாலும் கீழ்வீட்டுப் பெண் சலவை அறைத் திறப்புக் கேட்டு வந்திருப்பார். இருட்டுக்குள் மூச்சுக் காட்டாமல் இருந்துவிட்டு அடுத்த நாள் அவரிடம் மன்னிப்புக் கேட்பது எங்கள் வழக்கமாகிவிட்டது.

மயூரி பேயாகத்தான் போவேன் என்று நின்றாள். பழைய சாமான் விற்கும் புரோக்கன்ஹவுஸில் புவனா ஒரு வெள்ளைப் படுக்கை விரிப்பும் வாங்கிவிட்டாள். எனக்கு அது துளியும் பிடிக்கவில்லை.

"தேவதையா வெளிக்கிடட்டுமன். நல்ல சட்டை கிடக்குத்தானே," என்றேன்.

"அவளுக்குப் பேய்தான் வேணுமாம். விரிப்பிலை ரெண்டு ஓட்டை போட்டால் முடிஞ்சுது. உங்களுக்கு என்ன வந்தது?"

"ஒண்டுமில்லை. அது வடிவில்லை."

"பேய் வடிவாய் இருக்கவேணுமெண்டு எந்தச் சட்டத்திலை கிடக்கு?"

அதற்கு மறுமொழி என்னிடம் இருந்தது. சொல்லமுடியாத மறுமொழி. இந்த இடத்தில் என் கழுத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவேண்டும். தமிழர்கள் தலையை இரண்டு பக்கமும் ஆட்டுவார்கள், அது ஓமா இல்லையா என்று கண்டுபிடிக்க முடியாது என்று எங்கள் கன்ரீன் ஷெஃபுக்கு யாரோ சொல்லிவைத்திருந்தார்கள். ஆனால் நான் எந்தப் பக்கமும் ஆட்டுவதில்லை. அவர் தூரத்தில் நின்று கேட்டால் கழுவுகிற சத்தத்துக்கு மேலாக "யா" என்று கத்துவேன். அவருக்கு நான் கோபக்காரன். வீட்டில் புவனாவும் விடமாட்டாள். "ஓம் எண்டு சொல்லத் தலை அசையாதோ, கழுத்துக்குள்ளை உலக்கையே கிடக்கு?" என்பாள். நானும் சிரித்துவைப்பேன். ஐந்து வருடங்களாக அப்படித்தான் சமாளித்துக்கொண்டு வந்தேன்.

அந்த நாளும் வந்தது. பின்னேரம் புவனா விரிப்பில் இரண்டு துளை வெட்டி மயூரிக்குப் போட்டுப் பார்த்தாள். பிள்ளை நாலு அடி வைக்கமுதல் கதிரையில் மோதி விழுந்தாள். "அப்பா, ஒண்டும் தெரியேல்லை," என்று உள்ளேயிருந்து குரல் வந்தது. முகமில்லாத அந்தத் துணி என்னைப் பார்த்துக்கொண்டு நின்றது. நான் எழும்பிப் போய் அதை உருவி எடுத்தேன். புவனா அடுப்பில் நின்றபடி, எந்த இடத்தில் பிழை என்று போட்டுப் பார்க்கச் சொன்னாள். படுக்கை அறைக்குக் கொண்டுபோய்க் கதவைச் சாத்திக்கொண்டு தலைக்கு மேலால் போட்டேன்.

உள்ளே சவர்க்கார வாசம். ஆனால் எனக்கு மணத்தது தவிடு. தலையாட்டி என்றால் என்னவென்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. இங்கே பிறந்து ஒருநாள் இதை வாசிக்கக்கூடிய பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். சுற்றிவளைப்பில் ஆமிக்காரர் ஊர் ஆண்களை வரிசையாக நடக்கவிடுவார்கள். ஜீப்பில் ஒருவன் இருப்பான். அவன் தலையில் சாக்கு, சாக்கில் இரண்டு துளை. அவன் யாரைப் பார்த்துத் தலையை ஆட்டுகிறானோ அவரைக் கொண்டுபோவார்கள். ஊரே அவனைச் சபிக்கும். நானும் சபித்திருக்கிறேன். பிறகு ஒருநாள் பஸ்ஸால் இறக்கி என்னைப் பிடித்தார்கள். மூன்று இரவு நித்திரையில்லை. நாலாம் நாள் காலை கையைப் பின்னால் கட்டி, அரிசிச் சாக்கைக் கவிழ்த்து, எங்கள் ஊர்ச் சந்தியிலேயே கொண்டுவந்து இருத்தினார்கள். ஒருவருக்கும் ஆட்டுவதில்லை என்று பிடிவாதமாக இருந்தேன். துளைக்குள்ளால் ஒரு நேரத்தில் ஒரு முகம்தான் தெரியும். ஒன்றுவிட்ட அண்ணை போனார், வாத்தியார் போனார், கூடப் படித்தவர்கள் போனார்கள். கழுத்தைக் கல்லாக வைத்துக்கொண்டிருந்தேன். வெயில் ஏறியது. எனக்குக் கண் சொக்கிவிட்டது. ஒரு விநாடி இருக்கும், தலை சரிந்து நாடி வந்து நெஞ்சில் இடித்தது. விழித்துப் பார்த்தபோது சைக்கிள்கடைத் தம்பிராசா அண்ணையை வரிசையிலிருந்து இழுத்துக்கொண்டு போனார்கள். இல்லை இல்லை என்று சாக்குக்குள் கத்தினேன், தலையைப் பக்கவாட்டில் அடித்தேன். ஆட்டுவதற்கென்று கொண்டுவந்தவன் இல்லை என்றால் யார் கேட்பார்கள்? பின்னேரம் என்னை விட்டுவிட்டார்கள். அவரை விடவேயில்லை. அடுத்த நாள் ஊரோடு ஊராக அவர் வீட்டுக்குப் போனேன். அவருடைய மனைவி அழுதழுது எனக்கும் தேத்தண்ணீர் தந்தா. நான் அதை வாங்கிக் குடித்தேன்.

கதவு திறந்தது. புவனா அகப்பையோடு நின்றாள். என்னைப் பார்த்துச் சிரிக்கத் தொடங்கியவள் பாதியில் நிறுத்தினாள். அப்போதுதான் எனக்கே தெரிந்தது: விரிப்பைப் போட்டவுடன் என் கைகள் தாமாகவே பின்னால் போய், ஒரு மணிக்கட்டை மற்றது பிடித்துக்கொண்டு நின்றன.

"கழட்டுங்கோ," என்றாள். கழற்றினேன். கதவைச் சாத்திவிட்டுக் கட்டிலில் இருந்தாள்.

"நீங்கள் சாக்குக்குள்ளை இருந்திருக்கிறியள்."

"ஓம்."

"ஆர் போனது?"

"தம்பிராசா அண்ணை. நித்திரை தூங்கிப் போனன், புவனா. நான் ஆட்டேல்லை."

இந்த வசனத்தை எத்தனையோ தரம் மனதுக்குள் சொல்லிப் பார்த்திருக்கிறேன். இங்கே அகதி விசாரணையில்கூடப் பிடித்ததையும் அடித்ததையும் சொன்னேனே தவிர, இதைச் சொல்லவில்லை. வாயால் வந்தபோது அது திருடன் சொல்லும் சமாதானம் மாதிரிக் கேட்டது. புவனா விரிப்பை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். "பள்ளிக்கூடம் போகேக்கை என்ரை சைக்கிளுக்கு அவர்தான் காத்தடிச்சு விடுறவர்," என்று மட்டும் சொன்னாள். அவள் என்னை விட்டுப் போய்விடுவாள் என்று நான் பயந்ததை இங்கே மறைக்கவில்லை. வெளியே மயூரி, "அம்மா, நேரம் போகுது," என்று கதவைத் தட்டினாள். புவனா கத்திரிக்கோலை எடுத்தாள். இரண்டு துளைகளையும் சேர்த்து, நெற்றியிலிருந்து நாடி வரைக்கும் அந்தத் துணியை வட்டமாக வெட்டி எறிந்தாள். பிறகு பிள்ளையைக் கூப்பிட்டு முகத்தில் பவுடரை அப்பினாள்.

"பேயின்ரை முகம் தெரியுதே," என்று மயூரி முறைப்பட்டாள்.

"தெரியட்டும். ஆர் எண்டு தெரியாத பேய் எங்கடை வீட்டிலையிருந்து போகாது."

கரோலின் மகளும் மகனும் சூனியக்காரியும் கடற்கொள்ளைக்காரனுமாகக் காத்திருந்தார்கள். பூசணிக்காய் தேடிக் கிடைக்காமல், கரோல் ஒரு ரேபே கிழங்கைக் குடைந்து பல்லும் கண்ணும் வெட்டி மெழுகுதிரி ஏற்றிவைத்திருந்தார். சுவிஸ் பிள்ளைகளும் வருடாவருடம் அந்தக் கிழங்கில் விளக்கேற்றி ஊர்வலம் போவார்கள். முதல் வீட்டுக்கார அம்மா அதைப் பார்த்துவிட்டு, கிழங்கு விளக்கு ஊர்வலம் அடுத்த கிழமையல்லவா, கிழமை மாறி வந்துவிட்டீர்களே என்றார். கரோல் ஆங்கிலத்தில் ஹலோவீனை விளக்கினார். அந்த அம்மா எல்லாவற்றுக்கும் சரி என்றுவிட்டு, திரும்பவும் அடுத்த கிழமை என்றார். இரண்டாவது வீட்டில் பேய்கள் மூன்றையும் கால் துடைத்துவிட்டு ஏறச் சொன்னார்கள். எங்கள் பேய் குனிந்து ஒழுங்காகத் துடைத்தது. நான் விதிப்படி ஒவ்வொரு படலையடியிலும் டோர்ச்சோடு நின்றேன். அவ்வளவு நேரமும் புவனா வீட்டில் தனியே என்ன யோசிக்கிறாள் என்பதே எனக்கு யோசனை.

கடைசி வீட்டின் முன்னால் நீண்ட தோட்டம். கரோலின் பிள்ளைகள் வாங்கிக்கொண்டு தாயோடு முன்னே போய்விட்டார்கள். மயூரி சப்பாத்து நாடாவைக் கட்டிவிட்டுப் பிந்திப் போனாள். ஒரு கிழவர் கதவைத் திறந்தார். காலடியில் ஒரு நாய் விடாமல் குரைத்தது. அவர் கொடுக்க நீட்டியவர், படலையடியில் இருட்டுக்குள் ஒரு கறுத்த மனிதன் நிற்பதைக் கண்டு கையை நிறுத்தினார். என்னைக் காட்டி மயூரியிடம் என்னவோ கேட்டார். அவள் சொன்னது அவருக்குக் கேட்கவில்லைப் போல. என்னை நோக்கிக் குரல் கொடுத்தார். இந்தப் பிள்ளை உன்னுடையதா என்கிறார் என்று விளங்கியது. "யா" என்று கத்தினேன். நாய் அதை விழுங்கிவிட்டது. இன்னொருமுறை கத்தினேன். தன் வீட்டுக் கதவடியில் நிற்கிற ஒரு வயோதிபரை நோக்கிப் படலையைத் திறந்துகொண்டு உள்ளே போகவும் எனக்குத் துணிவில்லை. மயூரி திரும்பிப் பார்த்தாள். பவுடருக்குள்ளாலும் பொட்டுத் தெரிந்தது. அப்பா ஏன் பேசாமல் நிற்கிறார் என்ற பயம் அந்த முகத்தில் வரத் தொடங்கியிருந்தது.

டோர்ச்சை என் முகத்துக்குத் திருப்பினேன். கண் கூசியது. தலையை ஆட்டினேன். ஒருமுறை, பிறகு நன்றாகத் தெரியட்டும் என்று இன்னொருமுறை. கிழவரும் பதிலுக்குத் தலையை ஆட்டிவிட்டு, குனிந்து பிள்ளையின் பைக்குள் சொக்லேட்டைப் போட்டார். ஊரில் இந்தத் தலை ஒருமுறை விழுந்ததற்கு ஒரு மனிதரைக் கொண்டுபோனார்கள். இங்கே என் பிள்ளைக்கு இனிப்புக் கொடுத்தார்கள். கழுத்து ஒன்றுதான். மயூரி ஓடிவந்து கையைப் பிடித்தபோது நான் அழுதுகொண்டிருந்தேன். குளிர் என்று சொன்னேன்.

வீட்டில் விளக்கு எரிந்தது. புவனா மேசையில் இனிப்புகளைக் கொட்டி, விதியில் சொன்னபடி ஒவ்வொன்றாகத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு அதில் ஒரு சொக்லேட்டை எடுத்துப் போய்ச் சாமிப்படத் தட்டில் வைத்தாள்.

"ஆருக்கு?" என்று கேட்டேன்.

"தம்பிராசா அண்ணைக்கு. ஒருத்தரும் ஒண்டும் படைச்சிருக்க மாட்டினம்."

"அவர் செத்ததெண்டு ஆர் சொன்னது?"

அவருடைய மனைவி இன்னும் பொட்டு வைத்துக்கொண்டுதான் அவரைத் தேடி ஆமி முகாம் முகாமாகத் திரிகிறா என்று ஊர்க்கடிதங்களில் வரும். அவர் இருக்கிறார் என்று அவ நம்பிக்கொண்டிருக்கும்போது நாங்கள் இங்கே படைப்பது, நான் இரண்டாம் முறை தலையாட்டுவதுதான். புவனாவுக்கும் அது விளங்கியிருக்கவேண்டும். தட்டிலிருந்து சொக்லேட்டை எடுத்து, எங்கே வைப்பது என்று தெரியாமல் கொஞ்சநேரம் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். கடைசியில் குசினி அலுமாரியைத் திறந்து தேயிலைப் பேணிக்குப் பக்கத்தில் வைத்தாள்.

"அது ஆற்றை?" என்றாள் மயூரி.

"ஊரிலை ஒரு மாமா இருக்கிறார். வந்தால் குடுப்பம்."

இப்போது மாசி. வெளியே பனி கொட்டிக்கிடக்கிறது. புவனா சனிக்கிழமைகளில் அலுமாரி துடைக்கும்போது அந்தச் சொக்லேட்டை எடுத்து, அடியைத் துடைத்து, திரும்ப அதே இடத்தில் வைக்கிறாள். மயூரி அதைத் தொடுவதில்லை.