கூவக் கூடாத நாடு

அப்பாவின் சேஃப்டி ஷூ வாசலில் கிடந்தால், நாங்கள் மூச்சுவிடுவதைக்கூட யோசித்துச் செய்வோம். முன்பக்கம் இரும்பு வைத்த, எண்ணெய்க் கறை ஊறிய கறுப்பு ஷூ. ஓசூர் சிப்காட்டில் இரும்பு உருக்கும் கம்பெனி ஒன்றில் அப்பாவுக்கு வேலை. நைட் ஷிஃப்ட் வாரங்களில் காலையில் வந்து, குளித்து, பாயில் விழுந்தால் சாயங்காலம்வரை தூக்கம். அம்மா அதற்கு முன்பே ரோஜாப் பண்ணை வேனில் ஏறிப் போயிருப்பாள். வீடு என்பது ஒரே அறைதான், மூலையில் அடுப்பு. விடுமுறை நாட்களில் அந்த அறைக்குள் என்னைச் சத்தமில்லாமல் வைத்திருக்கும் பொறுப்பு அண்ணனுடையது.

அண்ணன் என்னை அடித்ததில்லை, மிரட்டியதுமில்லை. அதற்குப் பதிலாக ஒரு நாட்டையே உண்டாக்கினான். அதன் பெயர் சிலும்பம். அங்கே ஆறுகள் மேல்நோக்கி ஓடும், மனிதர்களுக்கு நிழல் இரண்டு. அந்த நாட்டுக்கு ஒரே கடவுள், உறையன். மலைக்கு அடியில் படுத்துத் தூங்குகிறவர். "அவர் காணற கனவுலதான் நாம எல்லாரும் இருக்கோம், பாப்பா. அவரு முழிச்சிட்டா நாம இல்ல" என்று காதோரம் சொன்னான். பேச்சும் சிரிப்பும் அவர் காதில் தூசிபோல விழுமாம். அதனால் கிசுகிசுப்பாகப் பேசலாம். ஆனால் ஒரே ஒரு சத்தம் நேராகப் போய் அவரை எழுப்பிவிடும். அது 'கூ'. சிலும்பத்தில் பிறந்த எவரும் வாயைக் குவித்துக் கூவக் கூடாது. அதுதான் அந்த மதத்தின் முதல் சட்டம்.

எங்கள் வரிசை வீடுகளுக்குப் பின்னால் ரயில் பாதை. ராயக்கோட்டைப் பக்கமிருந்து வரும் வண்டிகள் அங்கே வந்ததும் நீளமாகக் கூவும். ரயில் மட்டும் கூவலாமா என்று கேட்டேன். அண்ணன் கொஞ்சமும் தடுமாறவில்லை. "அது அவரோட கொறட்டை" என்றான். உறையனின் முகம் எப்படியிருக்கும் என்று மட்டும் நான் கேட்டதே இல்லை. எனக்கு அது பாயில் கிடந்த அப்பாவின் முகம்தான்.

அண்ணனுக்கு அது விளையாட்டு. எனக்கு அப்படி இல்லை. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் ஒருவர் சட்டையை ஒருவர் பிடித்து ரயில் ஓட்டிக் கூவும்போது, நான் காதைப் பொத்திக்கொண்டு அழுவேன். காதுவலி என்று நினைத்து டீச்சர் அம்மாவுக்குச் சொல்லியனுப்பினார். வீட்டில் வாய் தவறிக் கூவிவிடுவேனோ என்ற பயத்தில், அப்பா தூங்கும்போது உதட்டைக் கடித்துக்கொண்டே உட்கார்ந்திருப்பேன்.

முதலாம் வகுப்பில் எனக்குக் காய்ச்சல் வந்த ஒரு நாள், அண்ணன் பள்ளிக்குப் போய்விட்டான். அம்மாவுக்கு லீவு கிடைக்கவில்லை. "அப்பா இப்ப வந்துருவாருல்ல, பக்கத்துலயே படுத்துக்கோ" என்று சொல்லிவிட்டுப் போனாள். நான் தூங்கி எழுந்தபோது நல்ல வெயில். மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது; ஆனால் அப்பாவின் பனியன் தண்ணீரில் நனைத்ததுபோல் ஒட்டிக் கிடந்தது. கையைத் தொட்டேன், ஜில்லென்றிருந்தது. தொண்டையில் ஏதோ உரசுவதுபோல் ஒரு மூச்சு. சர்க்கரைக்கு மாத்திரை தொடங்கிய புதிதில், அதைப் போட்டுக்கொண்டு சாப்பிடாமலே படுத்திருக்கிறார் என்பதெல்லாம் பிறகுதான் எங்களுக்குத் தெரிந்தது.

சட்டப்படி கிசுகிசுப்பாகத்தான் "அப்பா" என்றேன். தோளை உலுக்கினேன். தலை ஒரு பக்கம் சாய்ந்ததே தவிர, கண் திறக்கவில்லை. பின்னால் ரயில் கூவிக்கொண்டு போனது. அதற்கும் அவர் அசையவில்லை. அவரை எழுப்பக்கூடிய சத்தம் இனி ஒன்றுதான் என்று எனக்குத் தெரிந்தது. எழுந்துவிட்டால் பண்ணையில் இருக்கும் அம்மா இருக்கமாட்டாள், அண்ணன் இருக்கமாட்டான், நானும் இருக்கமாட்டேன். கண்ணை இறுக மூடி, அவர் காதில் வாயை வைத்து, கூவினேன்.

கண்ணைத் திறந்தபோது நான் இருந்தேன், சுவர் இருந்தது. அப்பா மட்டும் எழவில்லை. கடவுளுக்கே கேட்கவில்லை என்ற பயம் அதைவிடப் பெரிதாக வந்தது. வாசலுக்கு ஓடி, தொண்டை கிழியக் கூவினேன், திரும்பத் திரும்ப.

துணி துவைத்துக்கொண்டிருந்த பக்கத்து வீட்டு ஆன்ட்டி நுரைக் கையோடு ஓடிவந்தார். "ஏனாயித்து பாப்பா?" என்று, என்ன ஆச்சு என்பதைக் கன்னடத்தில் கேட்டவர் உள்ளே போய் அப்பாவை உலுக்கிப் பார்த்ததும், "ஐயோ, எழுந்திருக்க மாட்டேங்கறாரே!" என்று தமிழில் அலறினார். அவர் கணவரின் ஆட்டோ வாசலில் நின்றிருந்தது. ஆஸ்பத்திரியில் குளுக்கோஸ் ஏறி, கொஞ்ச நேரத்தில் அப்பா கண் விழித்தார். இன்னும் தாமதித்திருந்தால் கஷ்டம் என்று டாக்டர் சொன்னதை அம்மா பல வருஷம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

சாயங்காலம் அண்ணன் புத்தகப் பையோடு ஆஸ்பத்திரிக்கு வந்தான். என்னை ஓரமாக இழுத்துக்கொண்டு போனான்.

"நீ எப்டிக் கூப்ட்ட?"

"கூன்னு."

"மொதல்லயேவா?"

"இல்லணா. மொதல்ல மெதுவாத்தான் கூப்டேன். அதான சட்டம்?"

அவன் சுவரோடு சரிந்து உட்கார்ந்து விம்மினான். எதற்கு அழுகிறான் என்று அன்று எனக்குப் புரியவில்லை. அம்மா வந்து கேட்டபோது உறையனைப் பற்றி எல்லாவற்றையும் அவனே சொல்லிவிட்டான். கட்டிலில் கிடந்த அப்பா முதலில் சிரித்தார். பிறகு அவன் தலையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "நானென்ன சாமியாடா? இனிமே நான் தூங்கறப்ப வீடு இடியற மாதிரி கத்துங்க" என்றார்.

அதன்பிறகு சிலும்பத்தைப் பற்றி அண்ணன் ஒரு வார்த்தை பேசியதில்லை. மேல்நோக்கி ஓடிய ஆறுகள் என்னவாயின என்று கேட்டுக் கேட்டு நான் ஓய்ந்துபோனேன். ஒரு பிள்ளைக்கு அத்தனை பெரிய நாட்டை உண்டாக்கும் மனம் இருந்தது; அது ஒரே பகலில் மூடிக்கொண்டது.

அப்பாவுக்கு இப்போது எழுபதை நெருங்குகிறது. சாப்பிட்டீர்களா என்று மதியமானால் அண்ணன் போன் செய்யாத நாளில்லை. அண்ணனும் இன்று ஷிஃப்டுக்குப் போகிறவன்தான். நைட் முடிந்து வந்து தூங்கும்போது, ஹாலில் டிவி சத்தமாக ஓட வேண்டும், அறைக் கதவு திறந்திருக்க வேண்டும். "இப்படியும் ஒரு மனுசன் தூங்குவாரா" என்று அண்ணி அலுத்துக்கொள்வாள்.

போன மாதம் அண்ணன் வீட்டுக்குப் போயிருந்தேன். அவன் உள்ளே தூங்கிக்கொண்டிருந்தான். பிள்ளைகள் இரண்டும் சோபாவில் ஏறிக் குதித்து ஒரே கூச்சல். எனக்குப் பொறுக்கவில்லை. டிவியை அணைத்துவிட்டு, "அப்பா தூங்கறாருல்ல, கொஞ்சம் சும்மா இருங்க" என்றேன். பிள்ளைகள் அடங்கின. வீட்டில் ஃபேன் சத்தம் மட்டும்.

உள்ளே கட்டில் கிறீச்சிட்டது. அண்ணன் லுங்கியைப் பிடித்தபடி ஓடிவந்து நின்றான். கண் இன்னும் முழுதாகத் திறக்கவில்லை. ஒவ்வொருவர் முகமாகப் பார்த்துக்கொண்டே கேட்டான்.

"என்ன ஆச்சு? ஏன் யாரும் பேச மாட்டேங்கறீங்க?"