அடுத்தவர் பேரில் ஒரு பொடிமில்

மாவு இறங்கும் துணிக்குழாயின் கீழே கையை நீட்டி, ஒரு சிட்டிகையைப் பெருவிரலால் தேய்த்துப் பார்க்கிறார் இசக்கிசெல்வி. "இடியாப்பத்துக்கு இது நறநறன்னு தரியா கெடக்கு மோளே, ஒருக்கா கூட அரைச்சிருதேன்" என்கிறார். வந்த பெண் பதில் சொல்வதற்குள் அரிசி மறுபடி மேலே கொட்டப்பட்டுவிட்டது.

தம்பானூர் பேருந்து நிலையத்திலிருந்து நடந்து போகும் தூரத்தில், ஓர் அரசு அமைப்புக்குச் சொந்தமான பழைய கடை வளாகத்தில் இருக்கிறது மாவும் மிளகாயும் அரைக்கும் அவருடைய பொடிமில். அவர் புருவம் வெளுத்திருப்பது வயதால் அல்ல, மாவால். மிளகாய் அரைக்கும்போது வளாகமே தும்மும், அவர் தும்மமாட்டார். இயந்திரச் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகியதால், அது நின்ற பிறகும் அதே குரல்தான்.

மில் அவருடையது. ஆனால் அறையின் குத்தகை கணவர் பிச்சையாவின் பெயரில் இருந்தது. பணகுடியிலிருந்து இருவரும் ஒன்றாக வந்தவர்கள். ஒருமுறை ஊருக்குப் போன பிச்சையா திரும்பவில்லை. அங்கே வேறொரு குடும்பம் அமைந்துவிட்டது. செய்தி வந்த மறுநாளும் மில் ஓடியது என்கிறார் பக்கத்துத் தையல்கடைக்காரர்.

பல வருடம் கழித்துக் குத்தகையைப் புதுப்பிக்கும் நேரம் வந்தது. பெயருக்கு உரியவர் கடையில் இல்லையென்றால் அறையைத் திரும்ப எடுத்துக்கொள்வோம் என்றது அலுவலகம். குத்தகையைத் தன் பேருக்கு மாற்றச் சம்மதம் கேட்டு இசக்கிசெல்வி ஊருக்கு ஆள் அனுப்பினார். பிச்சையா மறுபேச்சில்லாமல் சம்மதக் கையெழுத்து போட்டு அனுப்பினார். பெயர் மாற்றக் கேட்டு இவர் கொடுத்த மனு அதன்பின் அசையவில்லை. போய்க் கேட்கும்போதெல்லாம் "நோக்காம்", பார்க்கலாம், என்றார்கள் மலையாளத்தில்.

"பற்றாதுன்னா பற்றாதுன்னு எழுதித் தாங்க சாரே. எதுக்கு முடியாதுன்னும் எழுதணும்" என்று ஒருநாள் தன் மில் குரலில் கேட்டார். அலுவலகமே திரும்பிப் பார்த்தது. அறையைக் காலி செய்யச் சொல்லி நோட்டீஸ்தான் வந்தது.

அவரிடம் மாவு அரைக்க வரும் வக்கீல் ரெம்யா, வழக்கை எர்ணாகுளத்தில் உள்ள உயர் நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனார். நீதிமன்றம் கடையை யாருக்கும் எழுதிக்கொடுக்கவில்லை. காலி செய்வதை நிறுத்திவைத்தது. முடிவெடுக்க வேண்டியது அலுவலகம்தான், ஆனால் இருவரையும் நேரில் கேட்டு, காரணம் சொல்லி, கெடுவுக்குள் எடுக்க வேண்டும் என்றது. கெடு கடந்தது. ரெம்யா மறுபடி முறையிட்டார். ஏன் தாமதம் என்று அதிகாரியே வந்து விளக்க வேண்டும் என நீதிமன்றம் சொன்ன வாரத்தில், விசாரணைக்கு அழைப்பு வந்துவிட்டது.

இசக்கிசெல்வியிடம் மாவு அரைக்கும் பழக்கத்தில் துணைக்கு நானும் போயிருந்தேன். பிச்சையா மெலிந்து, ஒரு காலை இழுத்தபடி வந்தார். நடுவில் ஒரு நாற்காலியைக் காலியாக விட்டு இருவரும் உட்கார்ந்தார்கள். யாராவது வற்புறுத்திக் கையெழுத்து வாங்கினார்களா என்று அதிகாரி கேட்டார்.

"மெஷின் வாங்குனதும் அவ, ஓட்டுததும் அவ. பேரு மட்டும்தான் சாரே என்னது" என்ற பிச்சையா, "அதுவும் எனக்குச் சேராது" என்றார்.

இசக்கிசெல்வி சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். குத்தகையை மாற்றித்தரத் தடையில்லை என்றார் அதிகாரி. காரணங்களோடு உத்தரவும் அடுத்த வாரமே வந்தது. அதைப் பற்றிக் கேட்டால் இசக்கிசெல்வி வேறொன்றைச் சொல்வார்: "வீட்டுல சொல்லாத வார்த்தைய ஆபீசுல வச்சு சொல்ல வச்சிட்டாவ கோர்ட்டுக்காரவ."

விசாரணை நடந்த அன்று நாங்கள் பேருந்து நிலையம் வந்தபோது மழை பிடித்திருந்தது. நாகர்கோவில் வண்டி நின்றதும் கூட்டம் வாசலை அடைத்துக்கொண்டது. பிச்சையா காலை இழுத்துக்கொண்டு பின்னால் நின்றார். இசக்கிசெல்வி இடித்துக்கொண்டு முன்னே போய், ஜன்னல் வழியாகக் கையை நீட்டி, தன் குடையை ஓர் இருக்கையில் போட்டார். "ஏறிக்கிடுங்க" என்றார் பிச்சையாவின் முகத்தைப் பார்க்காமல். பிறகு குடையைத் திரும்ப வாங்க நிற்காமல், மழையில் மில்லைப் பார்த்து நடந்தார்.