என் கோபமும் அவன் விரலும்

ஊர்க் கட்டுப்பாடு என்ற சொல்லைக் கேட்டாலே எனக்கு அப்போதெல்லாம் பற்றிக்கொண்டு வரும். சாதிக்கு வெளியே கல்யாணம் செய்தேன் என்று எங்கள் ஊர்ப் பெரியவர்கள் ஒதுக்கிவைத்தார்கள். அப்பா அவர்கள் பக்கம் போய் நின்றார். திருநின்றவூர் வீட்டு வாசலை அதற்குப் பிறகு நான் மிதிக்கவில்லை. எழுபதுகளில் கும்மிடிப்பூண்டித் தொழிற்சாலை ஒன்றில் ஸ்டோர் கீப்பர் வேலை. ஞாயிற்றுக்கிழமைகளில் நாவல்.

என் முதல் நாவல் வாரப் பத்திரிகையில் தொடராக வந்தது. கதாநாயகன் பழவேற்காட்டு மீனவன். அங்கே ஏரியில் 'பாடு' என்று ஒன்று உண்டு. நல்ல இடத்தில் யார், எந்த நாளில் வலை போடுவது என்று ஊரே கூடி முறை வைத்துக்கொள்ளும். என் ஆள் அடுத்தவன் நாளில் வலை வீசிவிட்டு, ஊர்க்கூட்டத்தில் நெஞ்சை நிமிர்த்தி நிற்பான். புரட்சி என்று நினைத்துதான் எழுதினேன். அதோடு விட்டேனா? என்னைப் படகில் ஏற்றி ஏரியைச் சுற்றிக் காட்டி, என் அப்பா கதையையும் கேட்டுக்கொண்ட மீனவ நண்பனின் பாதி வெட்டுப்பட்ட மோதிர விரலையும் கதாநாயகனுக்குக் கொடுத்துத் தொலைத்தேன்.

பழவேற்காட்டு டீக்கடைக்கும் பத்திரிகை வரும் என்று இந்த மேதைக்குத் தோன்றவில்லை. அங்கே படித்தவர்களுக்கு அது புரட்சியாகப் படவில்லை, திருட்டாகப் பட்டது. விரலை வைத்து ஆளையும் கண்டுபிடித்துவிட்டார்கள். விசாரணை முடியும்வரை நண்பனுக்குப் பாடு கிடையாது என்றது ஊர். மழை முடிந்து இறால் வரும் பருவம். அவன் வீட்டில் மூன்று பிள்ளைகள்.

அவன் மனைவி தொழிற்சாலை வாசலில் வந்து நின்று இதைச் சொன்னாள். அடுத்த கூட்டத்துக்குப் போனேன். எல்லாம் என் கற்பனை என்றேன்.

"அப்போ பொய் எழுதுனியா சார்?" என்றார் ஊர்த் தலைவர்.

உண்மையைத் தவிர வேறெதையும் எழுதமாட்டேன் என்று மேடையில் முழங்கியவன் நான். "ஆமாம், பொய்" என்றேன். நண்பனுக்குப் பாடு திரும்பக் கிடைத்தது.

என்னைப் பஸ் ஏற்றிவிட நண்பன் வந்தான். பஸ் கண்ணில் பட்டதும் சொன்னான்: "உன் கோவத்த எழுதிக்கினு, அதுல என் கைய வச்சிட்டியே சார். எனக்கு ஊரு மேல இன்னா கோவம்? பாடு இருக்கறதாலதான் என் ஊட்டுல அடுப்பு எரியுது." பிறகு கேட்டான்: "உங்க நைனாகிட்ட பேசி எத்தினி வருசம் ஆவுது?"

"ஒன்பது" என்றேன்.

"அத எழுதேன் சார்."

அதற்குப் பிறகு ஏழு நாவல்கள் எழுதிவிட்டேன். ஏழிலும் ஒருவன் ஊரோடு சண்டை போடுகிறான். அப்பா போய்ச் சேர்ந்தும் பல வருஷம் ஆகிவிட்டது. நண்பன் சொன்னதை இன்னும் எழுதவில்லை.