மேபலிட எழுத்துக்கு அண்ணன் வருவாரா?

எனக்குக் கோபம் மூக்குக்கு மேல நிக்கும். கொட்டாஞ்சேனையில எங்கட ஒழுங்கையில றோஸி எண்டு கேட்டுப் பாருங்கோ, சொல்லுவினம். ஆனா மேபலோட மட்டும் இதுவரைக்கும் கோபிக்க ஏலாமப் போச்சு. முப்பது வருசமா ஒரே கப்பல் கொம்பனியில அவளுக்குப் பக்கத்து மேசை எனக்கு. ஆருக்காவது பிறந்தநாள் எண்டால் கேக் கொண்டுவாறவளும் அவள்தான், கடைசித் துண்டு கிடைக்காமப் போறவளும் அவள்தான்.

அவளுக்கு இப்ப ஐம்பத்திநாலு. அம்மா அப்பா போன பிறகு அண்ணன் ஹியூபேட்டோடதான் இருந்தாள். துறைமுகத்தில வேலை செய்து பென்சன் எடுத்த மனுசன், அவரும் கலியாணம் கட்டேல்லை. வந்த சம்பந்தத்தையெல்லாம் "அண்ணன் தனிய" எண்டே திருப்பி அனுப்பினவள். நான் திட்டாத திட்டில்லை. கல்லில நார் உரிச்ச மாதிரித்தான்.

கடைசியில அந்த அண்ணனாலேயே மாப்பிள்ளை கிடைச்சதுதான் பகிடி. அவருக்குக் கண் ஒப்பரேசன் செய்யக் கூட்டிக்கொண்டு போன இடத்தில, அடுத்த நம்பரோட இருந்தவர் இராமர். வெள்ளவத்தையில ஒரு புடவைக் கடையில கேஷியர், பெண்சாதி செத்து எட்டு வருசம். அண்ணனுக்குக் கண் தெளிஞ்சுது, தங்கச்சிக்கு வழி தெளிஞ்சுது எண்டு நான் சொல்லிச் சொல்லிச் சிரிப்பன்.

இராமர் சைவம், நாங்கள் கத்தோலிக்கர். "அவரை வேதத்துக்கு வாங்கோ எண்டு நான் கேக்கமாட்டன், கோயிலுக்கு வா எண்டு அவரும் என்னைக் கேக்கேல்லை. எழுத்து வச்சால் போதும்" எண்டாள் மேபல். எழுத்தெண்டால் பதிவுக் கலியாணம். ரெண்டு பக்கமும் சேர்த்துப் பதினாலு பேர், பிறகு ஒரு மத்தியானச் சாப்பாடு, அவ்வளவுதான். ஹியூபேட் அண்ணன் ஒரு வசனம்தான் சொன்னவர்: "சேர்ச்சில நடக்காத கலியாணத்துக்கு நான் வரமாட்டன்." அதோட ஒரு மாசம் வாயே திறக்கேல்லை. அவள் வைக்கிற சோத்தைச் சாப்பிட்டுட்டு, கோப்பையைக் கழுவி வச்சிட்டுப் போவார்.

மேபல் என்னட்டச் சொன்னாள், "றோஸி, என்ர பக்கச் சாட்சி அண்ணன்தான். அவர் வைக்காட்டி நானும் கையெழுத்து வைக்கமாட்டன்." இவள் சொன்னால் செய்வாள். இவ்வளவு காலம் காத்திருந்தவளுக்கு இதுவும் கை நழுவிப் போகுமோ எண்டு நான் வேண்டாத புனிதரில்லை.

ஏற்பாடெல்லாம் என்ர தலையில. இராமரிட அக்கா நேசம் வெள்ளிக்கிழமைதான் நல்ல நாள் எண்டா. பத்தரைக்கு ராகுகாலம் தொடங்குது, அதுக்கு முதல் எழுதி முடிக்கோணும் எண்டா. சரியெண்டு ஒன்பதரைக்கு நேரம் எடுத்தன். பக்கத்து வீட்டு ஜவாஹிறா விசேசங்களுக்குச் சமைச்சுக் குடுக்கிறவ. அவவிட்டக் கோழிப் புரியாணிக்கும் சொல்லியாச்சு. என்ர கெட்டித்தனத்தை நானே மெச்சிக்கொண்டு திரிஞ்சன்.

புதன்கிழமை பின்னேரம் ஜவாஹிறா கேற்றடியில நிண்டு ஒழுங்கைக்கெல்லாம் நோன்புக் கஞ்சி குடுத்துக்கொண்டிருந்தா. ஹியூபேட் அண்ணனும் தூக்குச்சட்டியோட வந்து நிக்கிறார். ஜவாஹிறா என்னைக் கண்டவுடன கேட்டா, "றோஸி, ஒங்கடாக்கள் இந்த நாப்பது நாளும் வெள்ளிக்கெழமையில எறச்சி திங்கிறல்லதானே? நீங்க கோழி சொல்லி ஈக்கிறீங்க."

தவக்காலம்! நெத்தியில சாம்பல் பூசி ரெண்டு கிழமை ஆகேல்லை, ஒரு முஸ்லிம் மனுசி எனக்கு ஞாபகப்படுத்த வேண்டிக் கிடக்கு.

"தவக்காலத்து வெள்ளியில கோழியோ?" ஹியூபேட் அண்ணன். ஒரு மாசத்துக்குப் பிறகு வந்த முதல் பேச்சு. எனக்கும் சுறுக்கெண்டு ஏறிச்சுது. "வராத ஆளுக்கு என்ன சாப்பாட்டுக் கதை?" எண்டன்.

அவர் தூக்குச்சட்டியை மூடினார். பிறகு மெதுவாக் கேட்டார், "அந்த ஆக்கள் என்ன சாப்பிடுவினம்?"

அதை நான் ஒருநாளும் கேக்கேல்லையே. உடன இராமருக்குப் போன் எடுத்து, ரெண்டுபேருக்கும் கேக்க ஸ்பீக்கரில போட்டன். மனுசன் தயங்கித் தயங்கிச் சொல்றார்: "வெள்ளிக்கிழமையில நாங்களும் மரக்கறிதாங்க. நீங்க ஆசையா ஏற்பாடு பண்ணினீங்க, எப்பிடி வேணாம்னு சொல்றது? கோழிய ஒதுக்கி வச்சிட்டுச் சோத்த மட்டும் சாப்பிடலாம்னு இருந்தோம். மேபல்கிட்ட சொல்லிறாதீங்க, சங்கடப்படுவாங்க."

கேட்டுக்கொண்டு நிண்ட ஹியூபேட் அண்ணன், "விசரன்" எண்டார். சொன்ன விதத்தில கோபத்தைக் காணேல்லை. ஜவாஹிறா முந்திரிக் கஜுப் போட்டு மரக்கறிப் புரியாணி செய்யிறன் எண்டா. அவர் கஞ்சியோட வீட்டுக்குப் போனார்.

வெள்ளி காலமை மேபல் என்ர வீட்டில இருந்துதான் வெளிக்கிட்டாள். வெங்காயத்தோல் நிறத்தில சீலை. அவ்வளவு வடிவு, எனக்கே கண் கலங்கிச்சுது. ஒன்பதரைக்கு எல்லாரும் பதிவுக் கந்தோரில இருந்தம், ஹியூபேட் அண்ணனைத் தவிர. பத்து மணி. பத்தேகால். இராமர் பக்கச் சாட்சியா நேசம் ஆயத்தமா நிக்கிறா. "பொம்பிளைப் பக்கச் சாட்சி எங்க?" எண்டு பதிவாளர் நோனா சிங்களத்தில கேட்டா. நான் எழும்பினன். மேபல் என்ர கையைப் பிடிச்சு, "இரு" எண்டாள். பேனையைத் தொடவே இல்லை. இராமர் அவளுக்குக் கேக்கிற மாதிரி மட்டும் சொன்னார், "அவர் இன்னைக்கு வராட்டி இன்னொரு நாள் வருவோம். அவசரமில்ல." அந்த மனுசனைக் கும்பிடலாம் போல இருந்துது.

பத்தரைக்கு அஞ்சு நிமிசம் கிடக்கக் கதவு திறந்துது. ஹியூபேட் அண்ணன் வேர்க்க விறுவிறுக்க வந்து, மேசையடியில அடையாள அட்டையை வச்சார். வெள்ளை சேட். கொலரில ரெண்டு விரல் அகலத்துக்குக் கறுத்துக் கருகிக் கிடந்துது.

மேபல் பாத்துட்டாள். "அண்ணா, உங்கட சேட்டை நான் அயன் பண்ணி அலுமாரியில கொழுவித்தானே வந்தனான்?"

"கண்டனான்," எண்டார். "அது கிடக்கட்டும். இனி நான் பழகவேணும்தானே. அதிலதான் கொஞ்சம் பிந்திப்போச்சு."

அவர் குனிஞ்சு, கண்ணாடியைச் சரிசெய்து, சாட்சிக்குரிய இடத்தில ஆறுதலாக் கையெழுத்து வச்சார். மேபல் கிட்டப்போய், கருகின இடம் தெரியாமக் கொலரை உள்ளுக்கு மடிச்சுவிட்டாள். பிறகுதான் பேனையை எடுத்தாள்.